மேலை ஆப்பிரிக்கப் புதினமும் கவிதையும்: தமிழ் நிலத்திலிருந்து ஒரு நோக்கு

மேலை ஆப்பிரிக்கா என்பது செனகல் தொடங்கி நைஜீரியா ஈறாக அத்திலாந்திக் கடற்கரையை ஒட்டியும் அதன் உட்புறத்தும் பரந்து கிடக்கும் நாடுகளின் தொகுதி. இந்நாட்டு எழுத்தாளர் ஆங்கிலத்திலும் பிரெஞ்சிலும், சிறுபான்மை தம் தாய்மொழிகளிலும் ஆக்கிய புதினங்களும் பாக்களும் எழுபது ஆண்டுகளுக்கும் மேலாக உலகோரால் பயிலப்பட்டு வருகின்றன. 1986 ஆம் ஆண்டில் நைஜீரியரான வோலே சொயிங்கா நோபெல் பரிசு பெற்றார். 2021 இல் செனகலைச் சார்ந்த முகம்மது இம்புகார் சார் பிரான்சு நாட்டின் கோன்கூர் பரிசு பெற்றார். ஒப்பிலக்கியம் பயிலும் தமிழ் மாணவர் இவ்விலக்கியத்துள் எந்த வாயில் வழியாகப் புகுதல் வேண்டும் என்பதே ஈண்டு ஆராயத் தக்க வினா. நூற்பெயர்கள் இக்கட்டுரையிற் பெரும்பாலும் பொருள்பற்றித் தமிழிலேயே தரப்பெறுகின்றன.

இதுகாறும் இரண்டு வாயில்கள் நமக்குத் திறந்துள்ளன. ஒன்று ஆங்கிலத் துறையினர் காட்டுவது. சினுவா அச்செபே தம் முதற் புதினத்தின் பெயரை ஏட்சின் பாடலொன்றிலிருந்து எடுத்தார். கிறித்தோபர் ஒக்கிக்போவின் பாக்களில் எலியட்டின் ஓசை கேட்கின்றது. எனவே இவர்கள் ஆங்கில இலக்கியப் பேராற்றின் கிளைகள் என்று அத்துறையார் கற்பிப்பர். கூற்று பிழையன்று; ஆயினும் கிளையைக் காட்டி ஊற்றை மறைத்துவிடுகின்றது.

மற்றொன்று இனத்தொடர்பு காட்டும் வாயில். செனகலின் முதற் குடியரசுத் தலைவரும் பெருங்கவிஞருமான இலியோபோல்டு செதார் செங்கோர் (1906–2001), ஆப்பிரிக்கப் பண்பாட்டையும் திராவிடப் பண்பாட்டையும் ஒருங்கு வைத்து ஆராய்வதில் பெருவிருப்பங் கொண்டிருந்தார். தக்கார் நகரப் பல்கலைக்கழகத்தில் அதற்கென ஆய்வு நிகழ்ந்தது. பேராசிரியர் க. ப. அறவாணன் அங்குப் பணியாற்றி, திராவிடரையும் ஆப்பிரிக்கரையும் ஒப்பிட்டு நூல் செய்தார். அவர் திரட்டிய வழக்காற்றுச் செய்திகள் பயனுடையன. எனினும் இருமொழிக் குடும்பங்களும் ஒருதாய் வயிற்றன என்னுங் கொள்கையை வரலாற்று மொழிநூலார் பொதுவாக ஏற்றிலர். ஒலியொப்புமை எத்துணை எளிதில் மயக்கும் என்பதற்குச் செங்கோர் என்னும் பெயரே சான்று. அதனைக் கேட்ட அளவிலேயே செங்கோலை நினையாத தமிழ் மாணவரில்லை. அதுவோ போர்ச்சுகீசியர் விட்டுச்சென்ற மரியாதைச் சொல்லின் திரிபு என்பர். இலக்கியத்தை ஒப்பிடுதற்குக் குருதியுறவு வேண்டுவதன்று.

மூன்றாவதொரு வாயில் நம் ஊர்களிலேயே உள்ளது. இராசபாளையமும் திருவில்லிபுத்தூரும் மேற்குத் தொடர்ச்சி மலையின் அடியில், ஒன்றையொன்று அடுத்து அமைந்த ஊர்கள். இல்லத்தில் ஒரு மொழியும் ஏட்டில் ஒரு மொழியுமாக வாழும் மக்கள், பிள்ளையை இழந்த தாய்க்கு எடுத்த கோயில், ஒப்பாரி, ஊரையே பாட்டுக்குள் வைத்த பெண்பாற்புலவர் ஆகிய நான்கும் இச்சிறு வட்டத்துள் அமைந்துள. மேலை ஆப்பிரிக்க எழுத்தாளர் எதிர்கொண்ட சிக்கல்கள் இவற்றோடு வைத்து நோக்குவார்க்கு நன்கு விளங்கும். ஒற்றுமை எங்கு முடிகின்றது என்பதும் புலனாகும்.

எழுத்துமொழியும் இல்லமொழியும்

மேலை ஆப்பிரிக்கப் புதினம் ஆங்கிலத்தில் தோன்றியது என்று பலர் எழுதுகின்றனர். யொரூபா மொழியில் தா. ஒ. ஃபாகுன்வா, அச்சமற்ற வேடன் ஒருவன் அணங்குறை காட்டிற் புகுந்து மீண்ட வரலாற்றை 1938 இலேயே புதினமாக வெளியிட்டார். அதன் வழிவந்தவர் ஆமோசு துத்துவோலா (1920–1997). அவருடைய 'பனங்கட் குடியன்' 1952 இல் இலண்டனில் அச்சாயிற்று. இறந்த கள்ளிறக்குவோனைத் தேடி மாண்டோர் ஊருக்குச் செல்லும் ஒருவன் கதை அது. இலண்டன் திறனாய்வாளர் வியந்தனர். நைஜீரியக் கற்றோர் பலர் நாணினர். காரணம், நூலின் ஆங்கிலம் இலக்கணவழு மலிந்தது. வழுவென்று அவர்கள் கண்டது யொரூபாக் கதைசொல்லியின் நடை ஆங்கிலத்துள் புகுந்தமையால் விளைந்ததாகும். தமிழில் பேச்சுநடை இலக்கியத்துள் நுழைந்தபோது நம் புலவருலகு கொண்ட நாணமும் இத்தகையதே.

1958 இல் அச்செபேயின் புதினம் வெளிவந்தது. 1962 இல் எய்ன்மன் நிறுவனத்தார் ஆப்பிரிக்க எழுத்தாளர் நூல்வரிசையைத் தொடங்க, அச்செபே அதன் பதிப்பாசிரியர் பொறுப்பேற்றார். அவ்வாண்டிலேயே உகாண்டாவின் மெக்கரேரேயில் ஆங்கிலத்தில் எழுதும் ஆப்பிரிக்க எழுத்தாளர் மாநாடு கூடியது. மாநாட்டின் பெயரே பூசலுக்கு வித்தாயிற்று. மறு ஆண்டு ஒபி வாலி என்னும் நைஜீரியர், ஐரோப்பிய மொழியில் எழுதப்படும் ஆப்பிரிக்க இலக்கியம் முட்டுச்சந்தில் முடியும் எனக் கடிந்துரைத்தார். அச்செபே அதனை ஏற்கவில்லை. ஆங்கிலம் தம் மக்களின் பட்டறிவைச் சுமக்க வல்லது, ஆயின் அச்சுமைக்கேற்ப அது மாறிய ஆங்கிலமாதல் வேண்டும் என்பது அவர் நிலை. கென்யரான கூகி வா தியாங்கோ (1938–2025) பின்னாளில் ஆங்கிலத்தைக் கைவிட்டுக் கிக்கூயு மொழியிற் புனைந்தமை யாவரும் அறிந்ததே.

இப்பூசல் இராசபாளையத்து மாணவர்க்குப் புதிதன்று. அவ்வூரின் இராசுக்கள் இல்லத்துள் தெலுங்கு பேசுவர். கல்வியும் கடிதமும் அவர்க்குத் தமிழே. கோவிற்பட்டியை அடுத்த இடைசெவலிற் பிறந்த கி. ராஜநாராயணனும் தெலுங்கை இல்லமொழியாகக் கொண்ட குடியினரே. தெலுங்கு நிலத்தினின்று தெற்கே பெயர்ந்து வந்த மக்கள் கரிசற்காட்டைத் திருத்திக் குடியேறிய வரலாற்றை அவர் 'கோபல்ல கிராமம்' (1976) என்னும் புதினமாக்கினார். எழுதியது தமிழில், அதிலும் கரிசல் வழக்கில். அவ்வழக்கிற்கென அகராதியும் தொகுத்தார். இல்லமொழி வேறாயினும் ஏட்டுமொழியின் உயிர்நாடியைப் பிடிக்க வல்லார் உளர் என்பதற்கு அவர் எழுத்தினும் சிறந்த சான்று வேண்டா. ஆனால் ஒன்று மறத்தலாகாது. தமிழ் அம்மக்கள் குடியேறிய நிலத்தின் மொழி. பக்கத்து வீட்டானும் பண்ணையாளும் பேசும் மொழி. ஆங்கிலமோ இபோ மக்களிடையே ஆட்சியாளரோடும் பாதிரிமாரோடும் பள்ளிக்கூடத்தோடும் வந்தது. கி. ரா. வயலிற் கேட்ட தமிழை எழுதினார். அச்செபே வயலிற் கேட்ட இபோவை ஆங்கிலமாக்கி எழுத வேண்டியிருந்தது. அவர் உரையாடலில் பழமொழிகள் செறிந்திருப்பது அதனாலேயே. பழமொழி எம்மொழியில் பெயர்த்தாலும் தன் மண்ணின் வாடையை இழப்பதில்லை என்பதை அவர் நன்குணர்ந்திருந்தார்.

மொழிச்சோதனையில் அச்செபேயினும் துணிந்தவர் கேப்ரியல் ஒக்காரா (1921–2019). அவருடைய 'குரல்' (1964) என்னும் சிறு புதினம் ஆங்கில வாசகரை இடறச் செய்யும். ஈசோ மொழித் தொடரமைப்பை அவர் அவ்வாறே ஆங்கிலத்தில் வைத்துள்ளார். வினை பல இடங்களில் தொடரின் இறுதிக்குச் செல்கின்றது. மனம் என்னுமிடத்து 'உள்' என்னும் பொருள்தரும் சொல்லையே ஆள்கின்றார். ஒருவன் உள் இனிக்கும், கசக்கும், இருளும். இனித் தமிழை நோக்குக. நம் தொடரிலும் வினை இறுதியில் நிற்கும். உள் என்பதினின்றே உள்ளம் பிறந்தது. ஆகவே ஆங்கிலத்தில் கரடுமுரடான அந்நடை, சொல்லுக்குச் சொல் தமிழாக்கினால், யாதொரு தடையுமின்றி ஓடும். இது மொழிபெயர்ப்பாளர்க்கு நற்பேறா, இடையூறா? ஈசோ மொழிக்குத் தமிழ் ஆங்கிலத்தினும் அண்மையில் நிற்பதால் மூலத்தின் மூலத்தை நாம் தொட்டுவிடுகின்றோம். ஆனால் ஒக்காரா வேண்டுமென்றே வைத்த இடறல், அதாவது அயல்மொழிக்குள் ஒருவன் திணறும் திணறல், காணாமற் போகின்றது. முன்னையது பெறுதற்கரியது, பின்னையதை முன்னுரையால் விளக்கிக் கொள்ளலாம் என்பது என் கருத்து. இவ்வமைப்பு ஒற்றுமையை இனவொற்றுமைக்குச் சான்றாக்க விரைவார், வினை இறுதியில் நிற்கும் மொழிகள் உலகெங்கும் உள என்பதை நினைவிற் கொள்க.

பிரெஞ்சு மொழியாளர் நிலைமை சிறிது வேறு. ஐவரி கோசுட்டின் அகமது குரூமா (1927–2003) மலிங்கே மொழிப்போக்கைப் பிரெஞ்சில் ஏற்றி எழுதிய 'விடுதலைகளின் ஞாயிறுகள்' 1968 இல் கனடாவின் மொந்திரியாலில்தான் முதலில் அச்சேறியது. பாரிசுப் பதிப்பு 1970 இல் பின்தொடர்ந்தது. செனகலின் செம்பேன் உஸ்மான் (1923–2007) மற்றொரு வழி கண்டார். 1947–48 ஆம் ஆண்டுகளின் தக்கார்–நைஜர் இருப்புப்பாதைத் தொழிலாளர் வேலைநிறுத்தத்தைப் பெரும்புதினமாக எழுதிய அவர், தம் நூலைத் தம் தாய்நாட்டு உழைப்பாளர் படிக்க இயலாமை கண்டு திரைப்படத்துக்குத் திரும்பினார். 1968 இல் அவர் இயக்கிய 'மந்தாபி' ஒலோஃப் மொழி பேசிற்று. நைஜீரியரான கென் சாரோ விவாவின் 'சோசாபாய்' (1985), சந்தையில் வழங்கும் கலப்பு ஆங்கிலத்தில், படையிற் சேர்ந்த சிற்றூர் இளைஞன் வாய்மொழியாக அமைந்தது. ஒகோனி மக்களின் நிலத்துக்காகப் போராடிய அவரை 1995 நவம்பர் 10 அன்று நைஜீரியப் படையாட்சி தூக்கிலிட்டது.

சி என்னும் சொல்

தமிழில் இவ்விலக்கியத்தைக் கொணர்ந்தவருள் ஈழத்தவர் பங்கு பெரிது. ஈழத்துத் தமிழாசிரியர் பலர் நைஜீரியப் பள்ளிகளிற் பணியாற்றச் சென்றமை இதற்கு ஒரு காரணம். எஸ். பொன்னுத்துரை அவ்வாறு சென்றவருள் ஒருவர். செம்பேன் உஸ்மானின் 'ஹால'வைத் தமிழாக்கினார். அச்செபேயின் முதற் புதினம் என். கே. மகாலிங்கம் மொழிபெயர்ப்பில் 'சிதைவுகள்' என வந்தது. தமிழ்நாட்டில் இந்திரன் 1982 இல் வெளியிட்ட 'அறைக்குள் வந்த ஆப்பிரிக்க வானம்' என்னும் தொகுப்பு இளைஞர் பலர்க்கு அக்கண்டத்தின் கவிதையை முதன்முதற் காட்டிற்று.

மொழிபெயர்ப்பார் எவரையும் தடுத்து நிறுத்தும் சொல் ஒன்று அச்செபேயிடம் உண்டு. அது 'சி'. இபோ மக்கள் கொள்கைப்படி ஒவ்வொருவர்க்கும் அவரோடு பிறக்கும் தனித்தெய்வம் ஒன்றுண்டு, அதுவே சி. அதனை ஆன்மா என்றால் தவறு, அது மனிதனுக்குப் புறத்தே நின்று அவனோடு வழக்காடும். குலதெய்வம் என்றாலும் தவறு, குலம் முழுதுக்கும் பொதுவன்று. ஊழ் என்று பெயர்க்கலாம் என மாணவர் பலர் கூறக் கேட்டுள்ளேன். பாடஞ்சொல்லுங்கால் இச்சொல்லில் ஒரு வகுப்பு முழுதும் கழிவதுண்டு, கழிதல் நன்றே. ஊழ் ஆளைப் பாராது. சியோ, மனிதன் உறுதியோடு இசைந்தால் தானும் இசையும் இயல்புடையது. சிற்சில வேளை இசையாது. திருக்குறளில் ஊழ் அதிகாரமும் ஆள்வினையுடைமை அதிகாரமும் தம்முள் முரணுவனபோல் தோன்றும் இடத்தை நினைக. அம்முரண் முழுவதையும் இபோ மொழி ஒரே சொல்லுள் அடக்கியுள்ளது. கதைத்தலைவன் ஒக்கொங்குவோ தன் முயற்சியால் உயர்ந்தவன். தன் சி தன்னோடிசைந்தது என்று நம்பியவன். இறுதியில் தன் குலத்தார் அடக்கஞ்செய்தற்கும் ஆகாத சாவைத் தானே தேடிக்கொள்கின்றான். ஊழ் என்று பெயர்த்த அளவிலே இவன் வீழ்ச்சி முன்னரே எழுதிவைத்த ஒன்றாய்ச் சுருங்கிவிடும். அவன் சியோடு நடத்திய போராட்டம் மறையும். சியைச் சி என்றே வைத்துக் கதையோட்டத்தால் பொருள் விளங்க விடுதலே தக்கது. அச்செபேயும் ஆங்கில வாசகர்க்கு அவ்வாறே செய்தார்.

அவர் நூல்களுள் தலைசிறந்தது எது என்று வினவின், 'சிதைவுகள்' என்றே உலகம் விடையிறுக்கும். யான் 'தெய்வத்தின் அம்பு' (1964) என்பேன். உலு என்னும் தெய்வத்தின் பூசகர் எசெயுலு. திங்கள்தோறும் தெய்வத்துக்குரிய வள்ளிக்கிழங்கு ஒன்றை உண்டு காலக்கணக்கை நடத்துவதும், புத்தறுவடைத் திருநாளை அறிவிப்பதும் அவர் கடன். ஆங்கில அதிகாரி அவரைச் சிறைவைத்தமையால் சில கிழங்குகள் உண்ணப்படாது நிற்கின்றன. அவை முடியும்வரை திருநாளை அறிவிக்க மறுக்கின்றார். கிழங்கு மண்ணிலேயே அழுகுகின்றது. பசித்த மக்கள் அறுவடைக்கு வேறு தெய்வத்தின் ஒப்புதலை நாடிக் கிறித்தவக் கோயிலுக்குச் செல்கின்றனர். ஆடித்திருவிழாவும் தேரோட்டமும் ஊரின் காலக்கணக்கை நடத்தும் திருவில்லிபுத்தூரில் வாழ்வார்க்கு, நாள் குறிக்கும் உரிமை எத்துணை வலியது என்பதை விளக்க வேண்டுவதில்லை.

மீண்டு வரும் மகவும் அர்ச்சுனாபுரத்துக் கோயிலும்

பிறந்து பிறந்து இறக்கும் குழந்தை மேலை ஆப்பிரிக்க இலக்கியத்தில் மும்முறை தலைமுறை கடந்து வருகின்றது. இபோவினர் அதனை ஒக்பாஞ்சே என்பர். யொரூபாவினர் அபிக்கு என்பர். ஒரே குழந்தைதான் தாயை வருத்தவே மீண்டும் மீண்டும் அவள் வயிற்றில் வந்து பிறக்கின்றது என்பது நம்பிக்கை. ஒக்கொங்குவோவின் அன்பு மகள் எசின்மா அத்தகையள். சொயிங்காவும் ஜா. பெ. கிளார்க்கும் தனித்தனியே அபிக்கு என்னும் பெயரிலேயே பாட்டெழுதினர். கிளார்க்கின் பாட்டில் குடும்பத்தார் இனியேனும் தங்கிவிடு எனக் குழந்தையை இரக்கின்றனர்; சொயிங்காவின் பாட்டில் குழந்தையே எவ்வேண்டுகோளுக்கும் இணங்காது செருக்கிப் பேசுகின்றது. 1991 இல் புக்கர் பரிசு பெற்ற பென் ஓக்ரியின் 'பசித்த பாதை'யில் கதை சொல்வோனே அபிக்கு. ஆனால் தாயின் முகத்தை மகிழ்விக்க விரும்பி இவ்வுலகில் தங்கிவிட முடிவு செய்தவன். பிறந்தும் நிலைபெறாத நாடும் ஓர் அபிக்குவே என்னுங் கருத்து அந்நூலில் வெளிப்படுகின்றது. 1960 இல் விடுதலை பெற்று, 1966 இல் இருமுறை படைப்புரட்சி கண்டு, மறு ஆண்டே உள்நாட்டுப் போரில் வீழ்ந்த நைஜீரியாவுக்கு அவ்வுருவகம் பொருந்துவதே.

நம் ஊர்களில் குப்பை, குப்பாயி, பிச்சை, மூக்கன், மூக்காயி என்னும் பெயர்கள் ஏன் வழங்கின என்பதை முதியோர் அறிவர். முன்பிறந்த பிள்ளைகள் தங்காவிடில், அடுத்த பிள்ளையைக் குப்பைமேட்டிற் கிடத்தி எடுப்பர், மூக்குக் குத்துவர், பிறர் கையிற் கொடுத்துத் தவிட்டுக்கு வாங்குவர். செயல்கள் ஒத்திருப்பதால் கருத்தும் ஒன்றென்று முடித்தல் ஆய்வாகாது. தமிழ்த்தாய் ஏமாற்ற முனைவது கூற்றுவனை; இது மதிப்பற்ற பிள்ளை, இதனைக் கொண்டு செல்லாதே என்பது அவள் சூழ்ச்சி. இபோத் தாய் போராடுவது குழந்தையோடேயே. மறுவுலகத் தோழரோடு அது செய்த உடன்படிக்கையை முறிக்க, அது மறைத்துப் புதைத்த கல்லைத் தேடித் தோண்டுகின்றாள். நம் வழக்கில் குழந்தை குற்றமற்றது. அவர் வழக்கில் அன்புக்கும் ஐயத்துக்கும் அதுவே இடம். கிளார்க்கின் பாட்டில் உள்ள கெஞ்சலும் சொயிங்காவின் பாட்டில் உள்ள செருக்கும் இவ்வேறுபாட்டினின்று பிறந்தவை.

திருவில்லிபுத்தூருக்கு வடபால், வத்திராயிருப்பை அடுத்த அர்ச்சுனாபுரத்தில் நல்லதங்காளுக்குக் கோயில் உண்டு. பஞ்சத்துக்கு அஞ்சிப் பிறந்தகம் வந்து, அண்ணியின் கொடுமையால் ஏழு பிள்ளைகளையும் கிணற்றில் எறிந்து தானும் வீழ்ந்த அவள் கதையை ஈண்டு விரித்தல் வேண்டா. அதனோடு வைத்துப் படிக்கத்தக்க புதினம் புச்சி எமெச்செட்டாவின் (1944–2017) 'தாய்மையின் இன்பங்கள்' (1979). அப்பெயரே ஒரு விடைமொழி. புளோரா நுவாப்பாவின் 'எஃபுரு' (1966), அழகும் செல்வமும் அருளிப் பிள்ளைப்பேறு அருளாத ஏரித்தெய்வத்தை எண்ணி, தாய்மையின் இன்பத்தை அறியாத அவளைப் பெண்கள் ஏன் வணங்குகின்றனர் என்னும் வினாவோடு முடிகின்றது. எமெச்செட்டா அவ்வினாவின் சொல்லை எடுத்துத் தம் நூலுக்குப் பெயராக்கினார்.

அந்நூலின் தலைவி நுனு ஈகோ. அவள் சி, அவள் தந்தையின் முதன்மனைவியோடு உயிரோடு புதைக்கப்பட்ட அடிமைப்பெண். முதற்குழந்தை இறந்துபடவே இலாகோசுப் பாலத்தினின்று நீரில் வீழ ஓடுகின்றாள், தடுக்கப்படுகின்றாள். பின்னர்ப் பிள்ளைகள் பல பிறக்கின்றன. அவர்களைப் படிக்க வைத்தற்குத் தன்னைத் தேய்க்கின்றாள். மூத்த ஆண்மக்கள் அமெரிக்காவும் கனடாவும் செல்கின்றனர். அவள் ஒருநாள் வழியோரத்தில், பற்றிக்கொள்ள ஒரு பிள்ளைக்கையும் இன்றி, இறந்து கிடக்கின்றாள். மக்கள் திரும்பி வந்து ஊரே வியக்க இறுதிக்கடன் செய்கின்றனர். மலட்டுப் பெண்டிர் வேண்டுதற்குக் கோயிலும் அமைக்கின்றனர். ஆனால் நுனு ஈகோ வேண்டுவார்க்குப் பிள்ளைவரம் தருவதில்லை.

இம்முடிவே நூலின் உயிர். துன்புற்று இறந்த பெண்ணைத் தெய்வமாக்கும் வழக்கம் இருநிலத்தும் உண்டு. வாழ்நாளில் சோறிடாதார் சாவுக்குப்பின் படையலிடுகின்றனர். நல்லதங்காள் தெய்வமான பின் ஊரோடு இணங்கிவிடுகின்றாள். வழிபாடு ஊரின் குற்றத்தைத் தணிக்கின்றது. நுனு ஈகோ இணங்கவில்லை. வரம் மறுத்தலே அவள் வாழ்நாள் முழுதும் பேசாத பேச்சு. நாட்டுப்பாடலுக்கும் புதினத்துக்கும் உள்ள வேறுபாட்டை மாணவர்க்கு விளக்க இதனினும் ஏற்ற இணை எனக்குத் தோன்றவில்லை. செனகலின் மாரியமா பா (1929–1981) எழுதிய 'இத்துணை நீண்ட கடிதம்' (1979) இன்னும் அடங்கிய குரலுடையது. கணவனை இழந்த பெண் துக்கநாள்களில் தோழிக்கு எழுதும் கடிதமாகப் பலதார மணத்தின் புண்ணைத் திறந்து காட்டுகின்றது.

புலம்பலும் ஆறும்

கானா நாட்டுக் கோஃபி அவூனர் (1935–2013) ஏவே மொழியின் ஒப்பாரி மரபினின்று தோன்றிய கவிஞர். அவர் பாட்டி புலம்பற்பாடல் பாடுவதில் வல்லவர். அக்பாலு என்னும் ஏவேப் புலம்பற்புலவரின் பாடலமைப்பை அவூனர் தம் ஆங்கிலப் பாக்களில் வெளிப்படையாகவே எடுத்தாண்டார். ஏவேப் புலம்பலில் பாடுவோர் இறந்தாரை முன்னோரிடத்துத் தூதாக விடுப்பர். தம் கேட்டையும் உடன் சொல்லியனுப்புவர். நம் ஒப்பாரியிலும் பெண்கள் பிணத்தின் தலைமாட்டில் தம் புகுந்தவீட்டுக் குறைகளையே பெரிதும் பாடுவர் என்பது கேட்டாரெல்லாம் அறிந்தது. ஆயினும் அவூனரை ஒப்பாரியோடு மட்டும் வைத்து ஒப்பிடுதல் போதாது. ஒருவர் சாவைப் பொதுச்சாவாக்கி, வீழ்ந்த வேலியும் பாழடைந்த வீடும் கொண்டு ஓர் இனத்தின் வரலாற்றிழப்பைப் பாடுகையில் அவர் புறநானூற்றுக் கையறுநிலைக்கு அண்மையில் வருகின்றார். வீட்டுப்பெண்டிர் புலம்பலும் அவைப்புலவர் கையறுநிலையும் தமிழில் இருவேறு வழிகளாயின. அவூனரிடத்து அவை ஒன்றாயின. 2013 செப்தம்பரில் நைரோபியில் நிகழ்ந்த வன்செயலில் அவர் கொல்லப்பட்டார்.

ஒக்கிக்போவின் 'வானவாயில்' (1962) தம் ஊராகிய ஒசோட்டோவின் ஆற்றுத்தெய்வமான இதோத்தோவின் முன் மகன் மீண்டு வந்து நிற்பதோடு தொடங்குகின்றது. அவர் தாய்வழிப் பாட்டனார் அத்தெய்வத்தின் பூசகர். பேரரோ கத்தோலிக்கராய் வளர்ந்து, ஐரோப்பியச் செவ்விலக்கியம் பயின்றவர். திருவில்லிபுத்தூர் மாணவர் எந்தக் கவிஞரைக் கண்டாலும் ஆண்டாளோடு ஒப்பிட முனைவது இயல்பு. அவ்வார்வத்தைச் சற்றே அடக்கிக் கொள்ளுதல் நலம். ஆண்டாள் வில்லிபுத்தூரையே ஆயர்பாடியாகப் பாவித்தாள் என்பர் உரையாளர். தன் ஊரும் தோழியரும் நீராட்டும் அவள் கையில் ஏற்கெனவே இருந்தன. பாவனையால் அவற்றை உயர்த்தினாள். ஒக்கிக்போவுக்கு ஊர் இழந்த பொருள். அவர் ஆற்றங்கரையில் நிற்பது திரும்பி வந்தவனின் கூச்சத்தோடு. ஒப்புமை ஊரைப் பாட்டின் கருவறையாக்கியதில் உண்டு, அதற்குமேல் இல்லை. 1966 இல் தக்கார் கலைவிழாவில் தமக்கு அளிக்கப்பட்ட கவிதைப் பரிசை, நிறம்பற்றிக் கவிஞரைப் பிரித்தல் ஆகாது என்று அவர் மறுத்தார். மறு ஆண்டு பயாபராப் படையிற் சேர்ந்து போர்க்களத்தில் மாண்டார். போரை முன்னுணர்ந்து பாடிய அவர்தம் இறுதிப் பாக்கள் அவர் மறைவுக்குப் பின்னரே நூலாயின.

சொயிங்கா அப்போரை நிறுத்த முனைந்து 1967 முதல் 1969 வரை சிறையிருந்தார். நியி ஒசுந்தாரே செய்தித்தாளில் வாரந்தோறும் கவிதை எழுதி, சந்தைக்குச் செல்வார்க்கும் விளங்கும் நடையை ஆங்கிலக் கவிதைக்குள் கொணர்ந்தார். இவ்விருவரும் தனிக்கட்டுரைக்கு உரியர்.

இக்கால எழுத்தாளருள் சிமமண்டா எங்கோசி அடிச்சி (பிறப்பு 1977) பெரிதும் படிக்கப்படுகின்றார். பயாபராப் போரைப் பற்றிய 'அரை மஞ்சட்ஞாயிறு' (2006) தாம் பிறக்குமுன் நிகழ்ந்த போரைத் தம் பெற்றோர் தலைமுறையிடம் கேட்டெழுதியது. இவர்தம் நூல்கள் இலண்டன், பாரிசு, நியூயார்க்கு நகரங்களில் அச்சாகி, அங்கே பரிசு பெற்று, பின்னர்த் தாய்நாடு திரும்புகின்றன. சாரின் பரிசுநூலே பாரிசில் போற்றப்பட்டுப் பின் தூற்றப்பட்ட ஓர் ஆப்பிரிக்க எழுத்தாளனைத் தேடும் கதை. செனகலின் புபக்கர் போரிசு தியோப் 2003 இல் ஒலோஃப் மொழியில் 'தோமி கோலோ' என்னும் புதினம் வெளியிட்டது, ஒபி வாலி நாற்பது ஆண்டுகட்கு முன் எழுப்பிய வினா இன்னும் ஓயவில்லை என்பதைக் காட்டுகின்றது.

வெளிநாட்டுப் பதிப்பகத்தை நாடாத எழுத்தும் அங்கு உண்டு. நைஜர் ஆற்றங்கரையிலுள்ள ஒனிச்சா நகரப் பெருஞ்சந்தையில், 1940களின் இறுதி முதல் போர் மூளும்வரை, சிற்றுண்டி விலையில் சிறுநூல்கள் விற்கப்பட்டன. காதற்கதை, இல்லறத்தார்க்கு அறிவுரை, கடிதம் எழுதும் முறை, அரசியல் தலைவர் வாழ்க்கை நாடகம் எனப் பொருள் பலவாகும். எழுதியோர் எழுத்தர், ஆசிரியர், மாணவர், சிறுவணிகர். வாங்கினோரும் அவர்களே. சிப்பிரியன் எக்குவென்சி போன்ற புதின ஆசிரியர் அச்சந்தையில்தான் முதன்முதல் வாசகரைக் கண்டனர். நல்லதங்காள் கதையையும் அல்லி அரசாணி மாலையையும் பெரிய எழுத்தில் அச்சிட்டுத் திருவிழாக் கடைகளில் விற்ற தமிழ்ப் பதிப்புகளோடு இவற்றை ஒருங்கு வைத்து ஆராயலாம். நம் நூல்கள் பழங்கதையை அச்சில் ஏற்றின. ஒனிச்சா நூல்கள் நேற்றுப் பட்டணம் வந்தவனின் புதுக்கதையை. இவ்வேறுபாட்டின் காரணத்தைத் தேட விரும்பும் ஆய்வாளர் தாள், எழுத்துரு, விலை, விற்பனை முதலியவற்றிலிருந்தே தொடங்குதல் வேண்டும். அச்சுத்தொழிலை அறிந்த முதியோரை வினவுதற்குச் சிவகாசி நமக்கு மிக அண்மையிலேயே உள்ளது.